தட்டச்சு செய்தவர், தயாரித்தவர்

டெம்பரவரி அக்காவுக்கு வேலை கிடைக்கவில்லை என்ற கடிதத்தை டெம்பரவரி அக்காவேதான் தட்டச்சு செய்தாள். வேறு யார் செய்வார்கள்? குடிநீர் வாரியத்தின் நியமனப் பிரிவில் மொத்தம் ஐந்து பேர். நான்கு பேருக்குக் கையெழுத்துப் போடத் தெரியும். தட்டச்சு தெரிந்தவள் அவள் ஒருத்திதான்.

ஒன்பது வருடமாக அவள் அங்கே தற்காலிகம். பதினொரு மாதத்துக்கு ஒரு தடவை அவளை ஒரு நாள் வேலையை விட்டு நீக்குவார்கள், மறுநாள் திரும்பச் சேர்த்துக்கொள்வார்கள். நீக்கிய அன்றைக்கும் அவள் வந்தே ஆக வேண்டும். மறுநாள் சேர்ப்பதற்கான ஆணையை அன்றைக்குத்தானே தட்டச்சு செய்ய வேண்டும். இப்படியே போய், வாட்ச்மேன் முதல் தலைமைப் பொறியாளர் வரை எல்லோருக்கும் அவள் டெம்பரவரி அக்கா ஆகிவிட்டாள். அவளைவிடப் பதினைந்து வயது பெரியவர்களும் அக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். அதைப் பற்றியும் அவள் யாரிடமும் புகார் சொன்னதில்லை.

இந்த ஒன்பது வருடத்தில் முதல் தடவையாக, நிரந்தரத் தட்டச்சர் பணியிடம் ஒன்று அறிவிப்பு ஆனது. ஒன்றே ஒன்று. அக்காவுக்கு வயது நாற்பத்தொன்று. வயது வரம்பு நாற்பத்திரண்டு. வாரியம் அடுத்த அறிவிப்பு போடுவதற்குள் அவளுக்கு ஐம்பது ஆகிவிடும், அது பிரிவில் எல்லோருக்கும் தெரியும். நிரந்தரத்துக்கு ஆள் வந்துவிட்டால் தற்காலிகம் வீட்டுக்குப் போக வேண்டியதுதான், அதுவும் எல்லோருக்கும் தெரியும். ஆகவே கிடைத்தால் இந்தத் தடவை, இல்லாவிட்டால் எப்போதும் இல்லை.

ஒன்றாம் தேதி காலையில் சூப்பரின்டெண்ட் பட்டியலைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார். நல்ல மனிதர்தான். ஓய்வு பெற இன்னும் பதினான்கு மாதம் இருந்தது, அதுவரைக்கும் எதிலும் மாட்டிக்கொள்ளக் கூடாது என்பதைத் தவிர அவருக்கு வேறு கெட்ட எண்ணம் கிடையாது. பட்டியலை வைத்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பி, கீழே நிற்கும் ஸ்கூட்டர்களை எண்ணுவது போல நின்றார்.

"நாற்பத்தோரு பேரும்மா. தேர்வாகாதவங்க. இன்னைக்கே தபால்ல போயிடணும்."

"பதினேழாவது ஆள் நான் சார்."

"பார்த்தேன்மா."

"இதையும் ரிஜிஸ்டர் தபால்ல அனுப்பணுமா, இல்ல நானே கையில வாங்கிக்கவா?"

சூப்பரின்டெண்ட் யோசித்தார். அவர் எதையும் யோசிக்காமல் சொல்லமாட்டார். "கையில குடுத்தா, குடுத்ததுக்கு ஒரு ஒப்புகைச் சீட்டு வேணும். அதுக்கு வேற தனியா டைப் அடிக்கணும். தபால்லயே அனுப்பிடேன்."

அனுப்பினாள். அழுதாளா என்றால், இல்லை. நாற்பத்தோரு உறை ஒட்ட வேண்டியிருந்தது.

நான்காம் தேதி தபால்காரர் வீட்டுக்கு வந்தபோது அவள் ஆபீசில் இருந்தாள், அதனால் சீட்டு எழுதி கதவிடுக்கில் செருகிவிட்டுப் போனார். ஐந்தாம் தேதி அரை நாள் விடுப்பு சொல்லிவிட்டு, தானே அனுப்பிய கடிதத்தை வாங்கத் தபால் நிலையத்தில் வரிசையில் நின்றாள். கவுன்ட்டரில் இருந்தவர் உறையைப் பார்த்தார், அவள் போட்ட கையெழுத்தைப் பார்த்தார். "முகவரி எழுதினதும் நீங்கதான் போலிருக்கே" என்றார். ஆமாம் என்றாள். அவர் அதற்கு மேல் கேட்கவில்லை. தபால் நிலையத்தில் வேலை பார்ப்பவர் எத்தனையோ பார்த்திருப்பார்.

வீட்டில் கடிதத்தைக் கடைசி வரி வரைக்கும் படித்தது அவளுடைய புருஷன்தான். அவர் லிப்ட் மெக்கானிக். எந்த இயந்திரத்திலும் ஓரத்தில் பொடி எழுத்தில் எழுதியிருப்பதைத்தான் முதலில் படிப்பார். அதைப் படிக்காத ஆட்களைத்தான் தினமும் இரண்டு மாடிக்கு நடுவிலிருந்து இறக்கிவிட்டுக்கொண்டிருக்கிறார்.

"இதென்ன, கடைசிப் பத்தியில ஒரு சமாசாரம் இருக்கே. 'தேர்வாகாதவர் தம் மதிப்பெண் விவரத்தையும் அதற்கான காரணங்களையும் எழுத்துமூலம் கேட்டுப் பெறலாம். முடிவால் பாதிக்கப்பட்டதாகக் கருதினால் முப்பது நாட்களுக்குள் மேல்முறையீடு செய்யலாம்.' நீ கேட்டியா?"

"அது எல்லா லெட்டர்லயும் இருக்கும்."

"இருக்கும் சரி. படிச்சிருக்கியா?"

அக்கா யோசித்துப் பார்த்தாள். ஒன்பது வருடத்தில் இரண்டாயிரம் கடிதமாவது அனுப்பியிருப்பாள். கம்ப்யூட்டரில் ஒரே கடிதம்தான், அவள் வருவதற்கு முன்பே யாரோ செய்து வைத்தது. பெயரையும் முகவரியையும் மாற்றுவாள். கீழே கையே வைக்கமாட்டாள்.

"மேல மாத்துவேன். கீழ தொடமாட்டேன்."

"இரண்டாயிரம் பேர்ல ஒருத்தனாவது மேல்முறையீடு பண்ணியிருக்கானா?"

"எனக்குத் தெரிஞ்சு இல்லை."

"அவங்களும் கீழ தொடலை போலிருக்கு" என்றார் லிப்ட் மெக்கானிக்.

ஆறாம் தேதி காரணம் கேட்டு மனுக் கொடுத்தாள். மனு தபால் பிரிவுக்குப் போய், முத்திரை வாங்கி, எண் வாங்கி, இரண்டு நாள் கழித்து சூப்பரின்டெண்ட் மேசைக்கு வந்தது. அவர் ஓரத்தில் 'பதில் தயாரிக்கவும்' என்று எழுதினார். அது அக்காவின் மேசைக்கு வந்து சேர்ந்தது. அவளுடைய மனு, அவள் மேசையில், பதில் தயாரிக்கச் சொல்லி. கோபம் வரத்தான் செய்தது. ஆனால் அதை யார் மேல் காட்டுவது? எல்லோரும் விதிப்படிதான் செய்திருந்தார்கள்.

மதிப்பெண் விவரம் தலைமையகத்திலிருந்து வந்தது. எழுத்துத் தேர்வில் முப்பத்தாறு. தட்டச்சில் முப்பதுக்கு இருபத்தொன்பது. அனுபவத்துக்கு வருடத்துக்கு நான்கு வீதம், அதிகபட்சம் இருபது. ஒன்பது வருடம் இருந்தவளுக்கு இருபதும் வர வேண்டும். வந்திருந்தது சைபர். மொத்தம் அறுபத்தைந்து. தேர்வானவருக்கு எழுபத்தேழு.

சைபருக்குக் காரணம் ஒரே வரி: 'அனுபவச் சான்றிதழ் விண்ணப்பதாரராலேயே தயாரிக்கப்பட்டுள்ளது.'

அக்காவுக்குத் தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. சான்றிதழின் நகலை எடுத்துப் பார்த்தாள். சூப்பரின்டெண்ட் கையெழுத்து இருந்தது. அலுவலக முத்திரை இருந்தது, நேராகக்கூட இருந்தது. பிறகுதான் கண்ணில் பட்டது. கீழே இடது மூலையில், எறும்பு அளவில், அவளுடைய பெயரின் இரண்டெழுத்து. வாரியத்தில் எந்தக் காகிதமாக இருந்தாலும் அதைத் தட்டச்சு செய்தவர் தன் இரண்டெழுத்தை அந்த மூலையில் போட வேண்டும் என்பது விதி. தலைமையகத்தில் சரிபார்த்த மூன்று பேரும் வெளியிலிருந்து வந்தவர்கள். அந்த எழுத்தையும் விண்ணப்பத்தில் இருந்த பெயரையும் ஒத்துப் பார்த்து, ஆகா, திருட்டைக் கண்டுபிடித்துவிட்டோம் என்று வட்டம் போட்டுவிட்டார்கள்.

"சார், இந்த சர்டிபிகேட் குடுத்தது யாரு?"

"நான்தான்மா."

"நான் தயாரிச்சதுன்னு எழுதியிருக்காங்க."

சூப்பரின்டெண்ட் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "கையெழுத்து என்னுதுதான். ஆனா டைப் அடிச்சது நீ. நான் என்னம்மா சொல்லட்டும்?"

"நான் டைப் அடிச்சேன், ஆனா நீங்கதான் குடுத்தீங்கன்னு ஒரு வரி தலைமையகத்துக்கு எழுதலாமே சார்."

"எழுதலாம்" என்றார். கண்ணாடியை மறுபடி மாட்டிக்கொண்டார். "அதையும் நீதானே டைப் அடிக்கணும்."

பதினெட்டாம் தேதி, தனக்குத் தானே தட்டச்சு செய்த பதிலைத் தன் கைப்பையில் வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போனாள். பஸ்ஸில் கணக்குப் போட்டாள். முப்பத்தாறும் இருபத்தொன்பதும் இருபதும் எண்பத்தைந்து. எழுபத்தேழுக்கு மேலே எட்டு. இரண்டாவது தடவை போட்டாலும் எட்டுதான் வந்தது. ஒன்பது வருடத்தில் இப்படிச் சந்தோஷமாக அவள் பஸ்ஸில் உட்கார்ந்ததில்லை.

இருபதாம் தேதி பதினோரு மணிக்குப் பிரிவின் தொலைபேசி அடித்தது. எடுப்பது எப்போதும் அக்காதான்.

"நியமனப் பிரிவு, சொல்லுங்க."

"மேடம், எனக்கு டைப்பிஸ்ட் வேலைக்கு ஆர்டர் வந்திருக்கு." சின்ன வயதுக் குரல். "நான் இப்ப ஒரு மருந்துக் கடையில பில் போடறேன் மேடம். ரெண்டு வருஷமா இருக்கேன். வேலையை விடணும்னா அவங்க உடனே வேற ஆள் வச்சிடுவாங்க. அதான் ஒரு தடவை கேட்டுக்கலாம்னு. விட்டுடலாம்ல மேடம்? இது உறுதிதானே?"

சொல்ல வேண்டியது என்ன என்று அக்காவுக்கு நன்றாகத் தெரிந்தது. பத்து நாள் பொறுத்துக்கோம்மா, ஒரு மேல்முறையீடு வரப் போகுது. நாக்கு நுனி வரை வந்தது. ஆனால் அவள் இன்னும் மனுவே போடவில்லை. இந்தப் பெண் பயந்துபோய் தலைமையகத்துக்கு ஒரு போன் போட்டால், அவர்கள் உஷாராகி அதற்குள் ஓட்டையை அடைத்துவிட்டால்? அது மட்டுமில்லை. ஒன்பது வருடத்தில் எனக்கு யார் என்ன சொன்னார்கள் என்றும் ஒரு எண்ணம் ஓடியது. அதுவும் உண்மைதான், மறைப்பானேன்.

"ஆணையில என்ன போட்டிருக்கோ அதுதான்மா" என்றாள்.

அது பொய் இல்லை. போனை வைத்த பிறகும் அது பொய் இல்லை என்று நாலு தடவை சொல்லிக்கொண்டாள்.

அன்றைக்கு ராத்திரி சாப்பிடும்போது புருஷனிடம் இதைச் சொன்னாள். அவர் கையை அப்படியே தட்டில் வைத்துக்கொண்டு கேட்டார்.

"அந்தப் பொண்ணுகிட்ட சொல்லியிருக்கலாமே."

"எதுக்கு? மேல்முறையீடு போட்டா அவங்களே நோட்டீஸ் குடுப்பாங்க. அதுதான் முறை."

"எங்க வேலையில முதல் ரூல் ஒண்ணு இருக்கு. ஆள் உள்ள நிக்கறப்ப வயர்ல கை வைக்கக் கூடாது."

"நான் வயர்ல கை வைக்கலை. மனு போடறேன்."

"சரி" என்றார் அவர், சோற்றைப் பிசைந்தார். அவர் 'சரி' என்றால் சரி என்று அர்த்தமில்லை. அது இருவருக்கும் தெரியும்.

இருபத்தாறாம் தேதி அந்தப் பெண் வேலையில் சேர்ந்தாள். இருபத்தைந்து வயது இருக்கும். முதல் நாளே பேனா, பென்சில், கைத்துணி எல்லாம் வீட்டிலிருந்து கொண்டுவந்திருந்தாள், ஆபீசில் கொடுப்பார்கள் என்று அவள் நம்பவில்லை, அதில் அவள் சரிதான். பிரிவில் உடனே அவளுக்குப் 'புதுசு' என்று பெயர் விழுந்தது. புதுசு வேலை பழகும் வரை, அதிகபட்சம் இரண்டு மாதம், அக்கா இருந்து சொல்லித்தர வேண்டும் என்று ஓர் ஆணை போட்டார்கள். யார் தட்டச்சு செய்தார் என்று சொல்லத் தேவையில்லை.

இருபத்தெட்டாம் தேதி அக்கா மேல்முறையீடு போட்டாள். நான்கு பக்கம், கையால் எழுதியது. கடைசியாக எப்போது கையால் நான்கு பக்கம் எழுதினாள் என்று அவளுக்கே ஞாபகமில்லை. விரல் வீங்கிவிட்டது.

வேலையைச் சொல்லித்தருவதில் அவள் ஒரு குறையும் வைக்கவில்லை. இதை நான் அவளுக்காகச் சொல்லியே ஆக வேண்டும். கீபோர்டில் 'ழ' கட்டையை நடுவில் அழுத்தினால் எழுத்து விழாது, சற்று ஓரமாக அழுத்த வேண்டும். பிரின்டர் காகிதத்தை மென்றால் பின்பக்கக் கதவைத் திறக்க வேண்டும், முன்பக்கத்தைத் திறந்தால் அன்றைக்குப் பூரா வேலை கெட்டது. தலைமைப் பொறியாளர் பெயருக்கு முன்னால் ஒரு எழுத்தை விட்டால் அவர் கையெழுத்துப் போடமாட்டார், அதே சமயம் என்ன தப்பு என்றும் சொல்லமாட்டார். இந்த மாதிரி விஷயங்களை எந்தப் பரீட்சையிலும் கேட்பதில்லை. புதுசு எல்லாவற்றையும் ஒரு நோட்டில் எழுதிக்கொண்டாள். கெட்டிக்காரி. அக்காவுக்கு அவளைப் பிடித்துவிட்டது, அதுதான் கஷ்டம்.

மூன்றாவது வாரம் விசாரணைக்கான நோட்டீஸ் வந்தது. தேர்வானவர் இந்த மேல்முறையீட்டால் பாதிக்கப்படக்கூடியவர், ஆகவே அவர் வந்து தன் தரப்பைச் சொல்லலாம், ஆவணங்களின் நகல்களைப் பெறலாம் என்று அதில் இருந்தது. சூப்பரின்டெண்ட் அதோடு இணைத்துக் கொடுக்க வேண்டிய உறைக் கடிதத்தை அக்காவிடம் கொடுத்தார். அக்கா தட்டச்சு செய்து, இரண்டடி தள்ளியிருந்த மேசையில் கொண்டுபோய் வைத்தாள்.

புதுசு படித்தாள். இரண்டு தடவை படித்தாள்.

"அக்கா, இது நீங்களா?"

"நான்தான்."

"சரிக்கா" என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, "இதுக்கு நான் ஒப்புகை குடுக்கணுமா?" என்று கேட்டாள். ஆமாம் என்றதும் கையெழுத்துப் போட்டுக்கொடுத்தாள். அதற்குப் பிறகும் இருவரும் ஒரே கம்ப்யூட்டரில் மாற்றி மாற்றி வேலை பார்த்தார்கள். அக்கா பிளாஸ்கிலிருந்து டீ ஊற்றிக் கொடுத்தால் புதுசு வாங்கிக் குடித்தாள். பிரிவில் மற்றவர்கள்தான் சண்டை எப்போது வரும் என்று ஓரக்கண்ணால் பார்த்துப் பார்த்துக் கழுத்து வலியோடு வீட்டுக்குப் போனார்கள்.

விசாரணை தலைமையகத்தில் மூன்றாவது மாடியில். துணைக்கு வந்த லிப்ட் மெக்கானிக், வேலை செய்யாத லிப்டின் கதவிடுக்கில் எட்டிப் பார்த்துவிட்டு, "இதைத் தொட்டவன் மேல கேஸ் போடணும்" என்று சொல்லிக் கீழேயே உட்கார்ந்துகொண்டார். அக்காவும் சூப்பரின்டெண்டும் புதுசும் படியேறினார்கள். நடுவில் சூப்பரின்டெண்ட் மூச்சு வாங்கி நின்றார். மற்ற இரண்டு பேரும் அவருக்காக நின்றார்கள்.

மேல்முறையீட்டு அலுவலர் ஓர் அம்மாள். எல்லாவற்றையும் தானே படிக்கிறவர், படித்துவிட்டு நிமிர்ந்து பார்க்கிறவர். அந்த அறையில் அப்படி ஒருவர் இருப்பார் என்று அக்கா எதிர்பார்க்கவில்லை.

"சொல்லுங்க. உங்க வாதம் என்ன?"

அக்கா பையிலிருந்து ஐந்து காகிதங்களை எடுத்து மேசையில் வரிசையாக வைத்தாள்.

"மேடம், இது என் அனுபவச் சான்றிதழ். கீழ இடது மூலையில என் ரெண்டெழுத்து இருக்கு. அதனால நான் தயாரிச்சதுன்னு சொல்லிட்டாங்க. இது எனக்கு வேலை இல்லைன்னு வந்த லெட்டர். இதுலயும் என் எழுத்து இருக்கு. இது இந்தத் தங்கச்சிக்குக் குடுத்த நியமன ஆணை, இதுலயும் இருக்கு. இது விசாரணை நோட்டீஸோட உறைக் கடிதம். இது இன்னைக்கு சார் உங்ககிட்ட குடுத்திருக்கிற பதில் மனு. எல்லாத்துலயும் இருக்கு. எழுத்து இருந்தா தயாரிச்சது நான்தான்னா, இந்தத் தங்கச்சியை வேலைக்கு எடுத்ததும் நான்தான், என்னை வேண்டாம்னு சொன்னதும் நான்தான். அப்புறம் என் மேல நானே மேல்முறையீடு போட்டிருக்கேன். அதுக்குப் பதிலும் குடுத்திருக்கேன்."

அலுவலர் ஐந்து காகிதத்தின் மூலைகளையும் பார்த்தார். பிறகு சூப்பரின்டெண்டைப் பார்த்தார்.

"உங்க பதில் மனுவை யார் தயாரிச்சது?"

சூப்பரின்டெண்டுக்கு வியர்த்தது. அவர் ஓய்வு பெற இன்னும் பன்னிரண்டு மாதம் இருந்தது. "நான்தான் மேடம்."

"இதுல இவங்க எழுத்து இருக்கே."

"டைப் அடிச்சது அவங்க மேடம். தயாரிச்சது நான்."

"அப்ப அந்தச் சான்றிதழ்?"

சூப்பரின்டெண்ட் அக்காவின் பக்கம் திரும்பினார். ஒன்பது வருடம் இவளிடம் வேலை வாங்கியவர். "அதுவும் அப்படித்தான் மேடம்" என்றார் கடைசியில்.

"இந்த எழுத்தை எதுக்குப் போடச் சொல்றீங்க?"

"தப்பு வந்தா யாரைப் பிடிக்கிறதுன்னு தெரியணும்ல மேடம்."

"சரியா இருந்தா?"

"சரியா இருந்தா யாரும் தேடமாட்டாங்க மேடம்."

அலுவலர் அதையும் எழுதிக்கொண்டார். பிறகு புதுசைப் பார்த்து, சொல்வதற்கு ஏதாவது இருக்கிறதா என்று கேட்டார். புதுசு எழுந்து நின்றாள்.

"நான் ஒரு தப்பும் பண்ணலை மேடம்."

"நீங்க பண்ணினதா யாரும் சொல்லலைம்மா."

"அப்ப என் வேலை ஏன் மேடம் போகணும்?"

"போகும்னு நான் இன்னும் சொல்லலை. நீங்க சொன்னதைப் பதிவு பண்ணிக்கறேன்" என்றார் அலுவலர். பதிவு செய்துகொண்டார்.

பத்து நாளில் தீர்ப்பு வந்தது. தட்டச்சு செய்வது வேறு, தயாரிப்பது வேறு. அனுபவ மதிப்பெண் இருபதும் வழங்கப்பட வேண்டும். மொத்தம் எண்பத்தைந்து. முந்தைய நியமனம் ரத்து. மேல்முறையீட்டாளரை நிரந்தரத் தட்டச்சராக நியமிக்க வேண்டும். அக்கா கழிவறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு, வாயைக் கையால் பொத்திக்கொண்டு அழுதாள். அந்த அழுகையில் கலப்படம் எதுவும் கிடையாது. ஒன்பது வருடம், அவ்வளவுதான்.

அவள் முகம் கழுவி வந்தபோது சூப்பரின்டெண்ட் இரண்டு வரைவுகளோடு நின்றுகொண்டிருந்தார். ஒன்று அக்காவின் நியமன ஆணை. மற்றது புதுசின் நியமனத்தை ரத்து செய்யும் ஆணை. அவருக்கு இப்போது பட்ட அனுபவம் இருந்தது.

"உன் ஆணையை நீ டைப் அடிக்கக் கூடாது. திரும்பவும் எவனாவது மூலையைப் பார்த்துட்டுக் கிளம்புவான். அந்தப் பொண்ணு அடிக்கட்டும். அவளோடதை நீ அடி." கொஞ்சம் யோசித்துவிட்டு, "முதல்ல உன்னுது. அவ ஆணையில நான் கையெழுத்துப் போட்டுட்டா அப்புறம் அவளுக்குக் கம்ப்யூட்டரைத் தொட அதிகாரம் இல்லை" என்றார்.

புதுசு உட்கார்ந்து அக்காவின் நியமன ஆணையைத் தட்டச்சு செய்தாள். ஒரு பிழை இல்லை. 'ழ' கட்டையை ஓரமாக அழுத்தினாள். எழுந்து இடம் கொடுத்தாள். அக்கா உட்கார்ந்து புதுசின் ரத்து ஆணையைத் தட்டச்சு செய்தாள். வரைவில் மேல்முறையீட்டுப் பத்தி இல்லை. அக்கா அதைத் தானே சேர்த்தாள், எழுத்தெழுத்தாக. சூப்பரின்டெண்ட் பார்த்தார், இரண்டிலும் கையெழுத்துப் போட்டுவிட்டு அவசரமாக டீ குடிக்கப் போனார்.

புதுசு பேனா, பென்சில், கைத்துணியைப் பையில் போட்டாள். நோட்டை எடுத்து மேசையில் வைத்தாள். "இனி எனக்கு எதுக்குக்கா" என்றாள்.

"கடைசிப் பத்தியைப் படிச்சுப் பாரு" என்றாள் அக்கா. "நீயும் மேல்முறையீடு போடலாம். முப்பது நாள் இருக்கு."

"ஜெயிப்பேனாக்கா?"

அக்கா அவளிடம் பொய் சொல்ல விரும்பவில்லை. "மாட்டே. எனக்கு எண்பத்தஞ்சு. உனக்கு எழுபத்தேழு."

"அதான் நானும் பார்த்தேன். மார்க்ல தப்பு இல்லைக்கா. உங்களுக்கு வர வேண்டியது உங்களுக்கு வந்திருக்கு. அதுல எனக்கு வருத்தம் இல்லை." பையின் ஜிப்பை இழுத்தாள். அது பாதியில் நின்றது. "மருந்துக் கடையில வேற ஆள் வச்சுட்டாங்க. நேத்துப் போய்க் கேட்டேன். அன்னைக்கு ஃபோன்ல பேசினது நீங்கதான்னு சேர்ந்த முதல் நாளே குரலை வச்சுத் தெரிஞ்சுது. அப்ப ஒண்ணும் தோணலை. நோட்டீஸோட நகல் எல்லாம் குடுத்தாங்கல்ல, அப்பதான் தேதியைப் பார்த்தேன். நீங்க காரணம் கேட்டது ஆறாந்தேதி. பதில் வந்தது பதினெட்டு. நான் ஃபோன் பண்ணினது இருபது."

அக்கா மேசையிலிருந்த நோட்டை நேராக நகர்த்தி வைத்தாள்.

"தெரிஞ்சுதான் சொல்லலையாக்கா?"

"தெரியும்" என்றாள் அக்கா. வெட்கமாக இருந்தது. முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை, அதனால் தெரிந்த ஒன்றைச் சொன்னாள். "முன்கூட்டியே சொல்லணும்னு விதியில எங்கேயும் இல்லைம்மா."

சொன்ன மறுவிநாடி அது தன் வாயிலிருந்துதான் வந்ததா என்று அவளுக்குத் திக்கென்றது. சூப்பரின்டெண்ட் பேசுகிற மாதிரியே இருந்தது.

"தப்புதான்" என்றாள். "நான் பண்ணினது தப்பு."

புதுசு தலையாட்டினாள். கையிலிருந்த ஆணையை நான்காக மடித்துப் பையில் செருகினாள். அவள் முகத்தில் கோபம்கூட இல்லை, நிஜமாகவே தெரிந்துகொள்ள வேண்டும் என்பது போலத்தான் கேட்டாள்.

"இதுக்கு மேல்முறையீடு யார்கிட்டக்கா பண்றது?"

அக்கா வாயைத் திறந்தாள். மேசையில் தொலைபேசி அடித்தது. அது எடுப்பாரில்லாமல் வெகுநேரம் அடித்துக்கொண்டே இருந்தது, அதற்குள் புதுசு படியிறங்கிப் போய்விட்டாள்.